கண் எழுதாத கல்

கடிதம் எழுதிய அன்று இபுயியின் வீட்டு நடுக்கூடத்தில் இருந்தவர்கள் ஐந்து பேர். வீட்டுக்காரன் இபுயி, கண்ணில் துணிக்கட்டோடு, தூணை ஒட்டிய மண்மேடையில் உட்கார்ந்திருந்தான். செத்துப்போன அவனுடைய முதல் மனைவி சாத்ரேயின் அக்காள் துயா, வீட்டில் இருந்த ஒரே நாற்காலியில். நாற்காலிக்கு அடியில் பூனை. துயாவின் புருஷன் பாஷெத், பீர்ச் சாடிக்குப் பக்கத்தில், அதை யாரும் தூக்கிக்கொண்டு போய்விடாதபடி அதன் கழுத்தில் ஒரு கையைப் போட்டபடி. எழுத வந்த கஹா, மேல் ஜன்னலின் வெளிச்சம் மடியில் விழுகிற இடமாகப் பார்த்து, பாயில் சம்மணம் போட்டு. இபுயியின் புது மனைவி ஹுனேரோ அடுக்களைக்குப் போகிற வழியில், நிலையில் சாய்ந்து, பாதி உள்ளேயும் பாதி வெளியேயும்.

பூனையைச் சேர்த்தால் ஆறு. சாத்ரேயையும் சேர்த்துக்கொண்டால் ஏழு. அவளுக்குத்தான் கடிதம். அவள் மேற்கே, செத்தவர்கள் போகிற திசைக்குப் போய் மூன்று வருஷம் ஆகிறது.

அன்று பத்தாம் நாள்; பத்து நாளுக்கு ஒருமுறை ஆட்களுக்கு ஓய்வு. மற்ற நாட்களில் ஆண்கள் எல்லோரும் மலைக்கு அந்தப் பக்கம் மன்னருக்குக் கல்லறை குடையப் போய்விடுவார்கள். அங்கே சுவரில் உருவங்களுக்குக் கோடு போடுகிறவன் இபுயி. அவன் போட்ட கோட்டுக்குமேல் மேஸ்திரிகூட கை வைக்கமாட்டார் என்பது ஊர்ப்பேச்சு. இரண்டு மாதமாக அந்தக் கை சும்மா கிடந்தது. இரண்டு கண்ணும் சிவந்து, வீங்கி, பீளை கட்டி, பட்டப்பகலிலேயே அவனுக்கு இருட்டாகிவிட்டது. வைத்தியர் தேனும் காவியும் குழைத்துப் போட்டுப் பார்த்தார். பன்றிக்கண்ணின் நீரை எடுத்துக் காதில் ஊற்றிப் பார்த்தார். அதில் கண் திறக்கவில்லை. காது அடைத்துக்கொண்டதுதான் மிச்சம்.

கடைசியில் பாஷெத்தின் யோசனைப்படி, ‘அறிந்தவள்’ என்று ஊரே கூப்பிடும் குறி சொல்கிற அம்மாளிடம் ஆள் அனுப்பிக் கேட்டார்கள். அவள் ஒரே வார்த்தைதான் சொன்னாள். “மேற்கே இருக்கிறவ கை.” ஏன் என்று கேட்டதற்கு, “அதை அவகிட்டயே கேளுங்க” என்று சொல்லிவிட்டாள்.

ஏன் என்பதில் துயாவுக்குச் சந்தேகமே இல்லை. அந்த ‘ஏன்’ நிலையில் சாய்ந்து நின்றுகொண்டிருந்தது. ஹுனேரோ இந்த வீட்டுக்கு வந்து நாலு மாதம். இபுயிக்குக் கண் கெட்டு இரண்டு மாதம். இதற்குமேல் கணக்குப் போட எழுத்தர் எதற்கு என்று தெருவில் நாலு பேரிடம் அவள் சொல்லியும் ஆகிவிட்டது.

கஹா எதிலும் வரிசை பார்க்கிறவர். மைக்கட்டியைத் தண்ணீர் தொட்டு இழைத்துக்கொண்டே விரலை மடக்கினார்.

“முதல்ல பேரு. அப்புறம் சுகம் விசாரிக்கிறது. அப்புறம் அவங்களுக்கு நாம செஞ்சது. அப்புறம் நம்ம குறை. கடைசியில நாம கேக்கிறது. இதுல ஒண்ணு முன்னே பின்னே போச்சுன்னா அங்க இருக்கிறவங்களுக்குக் குழப்பம்.”

துயா நாற்காலியிலிருந்து எட்டி அவர் மடியில் இருந்த தாளைப் பார்த்தாள்.

“அண்ணே, இதுல ஏற்கெனவே என்னமோ எழுதியிருக்கே.”

“பழைய எழுத்தை அலசி எடுத்த தாளும்மா. யாரோ ஒருத்தரோட கழுதை வழக்கு. முக்கால்வாசி போயிடுச்சு, மூலையில கொஞ்சம் நிக்குது.”

“என் தங்கச்சிக்குக் கழுதையோட சேத்தா எழுதப் போறீங்க?”

“புதுத்தாள் மன்னருக்கு எழுதத்தான் கிடைக்கும். சாத்ரே ஒண்ணும் கோவிச்சுக்கமாட்டா.”

“அவ கோவிச்சுக்கமாட்டாளா? நல்லாச் சொன்னீங்க. ஒரு தடவை மாவு சல்லடையைக் கேக்காம எடுத்துட்டேன்னு ஏழு மாசம் எங்கூடப் பேசலை.”

“அந்த ஏழு மாசமும் நல்லாத்தான் இருந்தது” என்றான் பாஷெத், சாடியைப் பார்த்து.

துயா அவன் பக்கம் திரும்பவில்லை. “இங்க பாருங்க கஹா அண்ணே, நீங்க வரிசை வரிசைன்னு உக்காந்தா சாயங்காலம் ஆயிடும். எனக்கு வாத்துக்குத் தீனி வைக்கணும். நான் சொல்லவேண்டியதை எழுதிட்டீங்கன்னா நான் கிளம்பிடுவேன். மீதியை நீங்க ஆற அமர எழுதிக்குங்க.”

“அது கடைசியில வரவேண்டியதாச்சே.”

“அப்போ கடைசியிலயே எழுதுங்க. மேல இடம் விட்டுடுங்க.”

கஹா கொஞ்ச நேரம் தாளையே பார்த்தார். இப்படி ஒரு கடிதத்தைத் தலைகீழாக அவர் எழுதியதில்லை. ஆனால் துயாவுக்கு ‘முடியாது’ என்று சொல்லியும் பழக்கமில்லை. தாளின் அடியில் இரண்டு விரற்கடை விட்டு நாணல் பேனாவை வைத்தார்.

துயா தொண்டையைச் செருமிக்கொண்டு, சபையில் பேசுவதுபோலச் சொன்னாள். “உன் இடத்துக்கு வந்திருக்கிற பொம்பளைதான் உனக்குப் பிடிக்கலைன்னா, இந்தப் பத்து முடிஞ்சு அடுத்த பத்துக்குள்ள அவளை அவ அப்பா வீட்டுக்கே அனுப்பிடறோம். நீ உன் கையை எடுத்துடு. எடுத்தேங்கறதுக்கு அடையாளமா அவர் கண்ணு தெளியட்டும்.”

பேனா தாளில் நகர்கிற சத்தம் மட்டும் கேட்டது. ‘அனுப்பிவிடுகிறோம்’ என்ற இடத்தில் கஹா ஒரு தடவை நிமிர்ந்து இபுயியைப் பார்த்தார். கட்டுப்போட்ட கண்ணுக்கு அந்தப் பார்வை தெரியவில்லை.

“வேண்டாம் மதினி” என்றான் இபுயி மெதுவாக. “அது எதுக்கு?”

“தம்பி, உனக்குக் கண்ணு வேணுமா, வேண்டாமா?”

அவனுடைய வலது கைவிரல் முழங்கால்மேல் என்னமோ ஒரு கோட்டைப் போட்டுக்கொண்டே இருந்தது. போட்டது, நின்றது, மறுபடி முதலிலிருந்து போட்டது.

ஹுனேரோ அந்த விரலையே பார்த்துக்கொண்டிருந்தாள். இதற்குமுன் ஒரு தடவை அவள் அப்பா வீட்டுக்குத் திரும்பிப் போயிருக்கிறாள். பத்தொன்பது வயதில் கட்டிக்கொண்டவன் இரண்டு வருஷம் கழித்து, ‘ஒத்துவரவில்லை’ என்று சொல்லிவிட்டான். ஊரில் இருப்பது ஒரே தெரு. அவனுடைய வீடு அதன் வட கோடியில். அவளுடைய அப்பா வீடு தென் கோடியில். கட்டிலை அண்ணன் ஒருவன் தலையில் வைத்துக்கொண்டு முன்னால் போக, மூட்டையும் கண்ணாடியும் எடுத்துக்கொண்டு அவள் பின்னால் போனாள். இரண்டு பக்கமும் வாசல்கள். ஒவ்வொரு வாசலிலும் யாராவது ஒருத்தி எதையாவது புடைத்துக்கொண்டிருந்தாள். யாரும் எதுவும் சொல்லவில்லை. புடைக்கிற சத்தம் மட்டும் அவள் கடக்கும்போது நின்று, கடந்தபிறகு தொடங்கியது. அந்த நடையை இன்னொரு தடவை நடக்க அவளால் முடியாது. அதைவிட, இந்த வீடு அவளுக்குப் பிடித்திருந்தது. சாயங்காலம் இபுயியோடு மொட்டைமாடியில் உட்கார்ந்து வெங்காயம் உரிப்பது பிடித்திருந்தது. கண் கெடுவதற்கு முன்னால், உரித்துக்கொண்டே அவன் அன்றைக்குப் போட்ட சாமியின் காதைப் பற்றிச் சொல்வான். ஒரு காதைப் பற்றி அவ்வளவு பேச முடியும் என்று அவளுக்குத் தெரியாது.

“எழுதியாச்சா?” என்றாள் துயா.

“ஆச்சு.”

“அப்போ நான் வாத்துக்கு…” என்று எழுந்தவள், மறுபடி உட்கார்ந்தாள். “சரி, நீங்க மேல என்ன எழுதறீங்கன்னு பாத்துட்டே போறேன்.”

கஹா தாளின் தலைப்புக்கு வந்ததும் முகம் தெளிந்துவிட்டது. பேரை எழுதினார், எழுத்தெழுத்தாக. பிறகு சுகம் விசாரித்தார். மேற்கில் இருப்பவளே, அங்கே எப்படி இருக்கிறாய், காற்று நன்றாக வருகிறதா, எல்லாம் எழுதினார். மை தொட்டுக்கொண்டு இபுயி பக்கம் திரும்பினார்.

“இப்போ நீ அவளுக்கு என்ன செஞ்சேன்னு சொல்லு. பாத்துச் சொல்லணும். உயிரோட இருக்கிறவங்களுக்கு எழுதறப்போ கொஞ்சம் கூட்டிக் குறைச்சுப் போட்டாலும் பரவாயில்லை. அங்க இருக்கிறவங்ககிட்ட அது நடக்காது. எல்லாம் அவங்களுக்குத் தெரியும். ஒரு பொய் இருந்தாலும் கடுதாசி மொத்தமும் செல்லாது.”

“உடம்பைப் பதப்படுத்தற எழுபது நாளும் முறையாச் செஞ்சேன்” என்றான் இபுயி. “நல்ல துணிதான் சுத்தினேன்.”

“துணி நான் நெய்தது” என்றாள் துயா.

“மதினி நெய்த நல்ல துணி. சவப்பெட்டிமேல சித்திரம் நானே எழுதினேன். விழாவுக்கு விழா மேட்டுல அவ கல்லறைக்குப் போய்த் தண்ணி ஊத்தறேன். ரொட்டி வைக்கிறேன்.”

“வெங்காயம் வைக்கலையே?”

“இல்லை மதினி. அவளுக்குத்தான் ஆகாதே.”

கஹா ஒவ்வொன்றாக எழுதிக்கொண்டே வந்தார். “அப்புறம், கல். உன் பொண்டாட்டிக்கு நிறுத்தற கல்லு சாதாரணமாவா இருக்கும். ‘உன் உருவத்தைக் கல்லில் எழுதி உன் கல்லறை வாசலில் நிறுத்தினேன்.’ போடட்டுமா?”

விரல் முழங்கால்மேல் நின்றுவிட்டது.

“அது வந்து… இன்னும் முடியலை.”

“மூணு வருஷமாவா?” என்றார் கஹா.

“நானும் மூணு வருஷமாக் கேட்டுட்டுத்தான் இருக்கேன்” என்றாள் துயா. “கேட்டா, காயுதும்பான். சாயம் எடுக்கணும்பான். ஊருல எல்லார் வீட்டுக் கல்லும் இவன் கையால முடிஞ்சது. கொத்தனார் மாமியாருக்குக்கூட முடிஞ்சது. மேல என் தங்கச்சி இடத்துல வெறும் மொட்டைக்கல்லு நிக்குது. கல்லு எங்கப்பா இருக்கு?”

“இங்கதான்.”

“இங்கன்னா?”

“வீட்டுலதான்” என்றான். பிறகு தலையை அடுக்களைப் பக்கம் திருப்பினான். “ஹுனேரோ. அந்தச் சாக்குத்துணி சுத்தின கல்லு இருக்கே. அதைக் கொண்டு வா.”

ஹுனேரோ அசையாமல் நின்றாள். பிறகு உள்ளே போனாள். ரொட்டி மூடுகிற துணிகளை எடுத்துக் கீழே வைத்தாள். சுவரைப் பார்க்கத் திருப்பிச் சாய்த்திருந்த கல்லை இரண்டு கையாலும் அணைத்துத் தூக்கி வந்து கூடத்தின் நடுவில் வைத்தாள். முழங்கை நீளச் சுண்ணாம்புக்கல். பாஷெத் முதல்முறையாகச் சாடியை விட்டுவிட்டு வந்து கட்டை அவிழ்த்தான்.



சாத்ரே நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். மூக்குக்கு அருகே அல்லிப்பூ. தலைமுடியின் ஒவ்வொரு சுருளும் தனியாக எழுதியிருந்தது. கழுத்துமாலையின் நீலம் நேற்றுப் போட்டதுபோல இருந்தது. காலுக்குச் செருப்பு, செருப்பின் வாரில் தையல்கூடத் தெரிந்தது. துயா நாற்காலியிலிருந்து இறங்கித் தரையில் மண்டியிட்டு முகத்துக்கு அருகே குனிந்தாள். கண்ணுக்கு மேலும் கீழும் மைக்கோடு இருந்தது. அந்த இரண்டு கோட்டுக்கும் நடுவில் ஒன்றும் இல்லை. வெறும் கல்.

“கண்ணு எங்கடா?” என்றாள். ‘தம்பி’ போய்விட்டது.

“அதுதான் முடியலை.”

“ஒரு புள்ளி. ஒரு கறுப்புப் புள்ளி. அதுக்கா மூணு வருஷம்?”

“மதினி, அவளை வலப்பக்கம் பாக்க உக்கார வச்சுட்டேன். அதுதான் முறை. அப்படி வச்சா பக்கவாட்டு முகத்துல தெரியறது வலது கண்ணு ஒண்ணுதான்.”

“தெரியட்டுமே.”

“அவ வலது கண்ணு எப்படி இருக்கும்?”

சாத்ரேக்கு மாறுகண். வலது கண்மணி எப்போதும் மூக்கைப் பார்த்தபடி ஒதுங்கியே நிற்கும். ஊருக்கே தெரிந்த விஷயம். ஆனால் செத்துப் போனவளைப் பற்றி யாரும் அதைச் சொல்வதில்லை.

“மேற்கே போறவங்க எல்லாருக்கும் குறை தீந்துடும். கூனுக்கு முதுகு நிமிரும், பொக்கைக்குப் பல்லு முளைக்கும். அப்படித்தான் எழுதணும், அதுவும் முறை” என்றான் இபுயி. “மணியை நடுவுல வச்சு ஒரு நாள் கரியால போட்டுப் பாத்தேன். அது யாரோ. ரொம்ப அழகா இருந்தா, ஆனா சாத்ரே இல்லை. அழிச்சுட்டேன். இன்னொரு நாள் மூக்குப் பக்கம் தள்ளிப் போட்டேன். அவளேதான், அப்படியே என்னைப் பாத்தா. ஆனா கல்லுல வச்சது அழியாதே மதினி. அங்கயும் போய் எந்நாளும் மாறுகண்ணாவே இருன்னு சொல்ற மாதிரி ஆயிடுமே. அதையும் அழிச்சுட்டேன். அப்புறம் தினமும் யோசிச்சேன். அப்புறம் யோசிக்கவேண்டாம்னு துணியைச் சுத்தி வச்சுட்டேன்.”

பாஷெத் கல்லையும் சகலையின் கண்கட்டையும் மாறி மாறிப் பார்த்தான். ஓய்வு நாட்களில் அவன் அவ்வளவாக யோசிக்கிறவன் இல்லை. இருந்தாலும் அவனுக்குத்தான் முதலில் புரிந்தது.

“சகலை, மூணு வருஷமா அவ கண்ணைத் துணியில கட்டி வச்சிருக்க. அவ உன் கண்ணைக் கட்டிட்டா. இதுக்கு எதுக்கு எழுத்தர், இதுக்கு எதுக்குக் கழுதைத்தாளு?”

கஹாவின் பேனா தாளுக்குமேல் நின்றது. அறிந்தவள் சொன்னதும் இதுவும் ஒன்றோடொன்று பெட்டியும் மூடியும்போலப் பொருந்தின. ஹுனேரோவுக்கு மூச்சு வந்தது.

ஆனால் துயா அவ்வளவு சீக்கிரம் விடுகிறவள் அல்ல. “மூணு வருஷம் பொறுத்தவ” என்றாள் எழுந்து உட்கார்ந்து. “இப்போ ரெண்டு மாசமா மட்டும் ஏன் பொறுக்கலை? துணி மூணு வருஷமாத்தானே கட்டியிருக்கு. அப்போ வேற என்னமோ நடந்திருக்கு. இந்த வீட்டுல புதுசா என்ன நடந்தது?”

ஹுனேரோவுக்குத் தெரியும். அந்தக் கல் முன்பு முன்கூடத்தில், வீட்டுச் சாமி மாடத்துக்குப் பக்கத்தில், தெருவைப் பார்க்க நின்றிருந்தது. துணிக்குள் இருந்தாலும் போகிற வருகிறவர்களைப் பார்த்தபடி நின்றது. வாயை மூடிக்கொண்டிருந்தால் போதும். மாடத்துக்குப் பக்கத்தில் ஒரு சாக்குமூட்டை நின்றதும் நிற்காததும் இங்கே யாருக்கு ஞாபகம் இருக்கும்? ஆனால் கஹா சொன்னது காதிலேயே நின்றது. எல்லாம் அவங்களுக்குத் தெரியும்.

“நான் நகத்தினேன்” என்றாள்.

துயா திரும்பினாள்.

“கல்லு முன்கூடத்துல இருந்தது. ரெண்டு மாசத்துக்கு முன்ன வீடு மெழுகறப்போ நான்தான் தூக்கி அடுக்களையில வச்சேன். சுவரைப் பாத்து. மேல ரொட்டித்துணியைப் போட்டு வச்சேன்.”

“சுவரைப் பாத்தா?”

“ஆமாக்கா.”

“என் தங்கச்சியைச் சுவரைப் பாத்து நிக்கவச்சு, தலையில துணியைப் போட்டு…” துயா கஹாவின் பக்கம் கையை நீட்டினாள். “எழுதினதை அழிக்காதீங்க அண்ணே. இப்போதான் சரியா இருக்கு.”

“மதினி” என்றான் இபுயி.

சத்தமாகச் சொல்லவில்லை. ஆனால் சுவரில் கோடு போடும்போது அவன் குரல் இப்படித்தான் இருக்கும் என்று பாஷெத்துக்குத் தெரியும். பாஷெத் சாடியின் பக்கம் திரும்பிக்கொண்டான்.

“அவ எங்கிட்டக் கேட்டா. ‘இது என்ன, எங்க வைக்கட்டும்’னு கேட்டா. நான் ‘சும்மா ஒரு கல்லு, எங்கயாவது வை’ன்னேன். சாத்ரேயைச் சும்மா ஒரு கல்லுன்னது நான். இவ அதை எங்க வச்சாலும் அது நான் வச்சதுதான். சாத்ரேக்கும் அது கேட்டிருக்கும். அவளுக்கு எல்லாம் கேக்கும். சல்லடையை எடுத்தது நீங்கன்னு, பக்கத்துத் தெருன்னு ஒண்ணு இருந்திருந்தா, அங்க இருந்துகூடக் கண்டுபிடிச்சிருப்பா. யாருமேல கோபம்னு அவளுக்கா தெரியாது? இவமேல கோபம்னா இவ கண்ணைத்தானே கட்டியிருப்பா? கண்ணு யாருது போச்சு?”

துயா நீட்டிய கை மடியில் இறங்கியது.

“அந்த வரியை எடுங்க அண்ணே” என்றான் இபுயி. “எனக்குக் கண்ணு வேணும். இவளும் வேணும். ரெண்டுல ஒண்ணுன்னு சாத்ரே எங்கிட்ட எப்பவும் கேட்டதில்லை.”

ஹுனேரோ கீழே கல்லையே பார்த்துக்கொண்டு நின்றாள். அந்த வெறுமையான கண்ணைப் பார்க்கப் பார்க்க ஒரு ஞாபகம் வந்தது. அதைச் சொல்லலாமா என்று தெரியவில்லை. சொல்லிவிட்டாள்.

“எனக்கு எட்டு வயசு இருக்கும். கழுதைமேல தண்ணி வந்து, ஊர் வாசக்கதவுகிட்ட எல்லாரும் குடத்தோட நிக்கிறோம். சாத்ரே அக்காதான் அன்னைக்கு ஊத்தறாங்க. நானும் என் தம்பியும் தள்ளித்தள்ளி நிக்கிறோம். அக்கா பாத்து, ‘ஏய், நீ வா’ன்னாங்க. ரெண்டு பேரும் போனோம். ‘ஒருத்தரைத்தானே கூப்பிட்டேன்’னாங்க. ரெண்டு பேரும் திரும்பி நடந்தோம். ‘எங்க போற, வா’ன்னாங்க. மறுபடி ரெண்டு பேரும் போனோம். அவங்களுக்குச் சிரிப்பு தாங்கலை. ‘என் ஒரு கண்ணுக்கு ரெண்டு பிள்ளைங்க’ன்னுட்டு ரெண்டு குடத்தையும் ரொப்பி அனுப்பினாங்க.”

முதலில் சிரித்தது கஹா. பிறகு பாஷெத், பீர் புரைக்கேறும்வரை. இபுயி கட்டுக்குக் கீழே உதட்டைக் கடித்துக்கொண்டிருந்தான். துயா மட்டும் முகத்தை இறுக்கி வைத்திருந்தாள். அது கொஞ்ச நேரம்தான் நின்றது.

“எங்க அப்பாகிட்ட அடி வாங்கறப்போ பாக்கணுமே” என்றாள் கண்ணைத் துடைத்துக்கொண்டு. “அவ முழிக்கிறது அவரையா என்னையான்னு தெரியாம எனக்குச் சிரிப்பு வந்துடும், ‘நீ எதுக்குடி சிரிக்கிற’ன்னு எனக்கும் ரெண்டு விழும். அம்மா மை போட்டு நேராக்கறேன்னு கூப்பிட்டா ஓடிடுவா.”

“நேராக்கப் பிடிக்காதா?” என்றான் இபுயி.

“பிடிக்காதுன்னுதான் ஓடினா. ஆனா பதினாலு வயசுல கண்ணாடி பாத்து ஒரு தடவை அழுதா. அதுவும் பாத்திருக்கேன்.”

அதனால் விஷயம் இருந்த இடத்திலேயே நின்றது. நேராக்கலாம் என்றார் கஹா, முறை அதுதான் என்பதால். அப்படியே இருக்கட்டும் என்றான் பாஷெத். துயா இரண்டையும் ஒவ்வொரு தடவை சொன்னாள். கடைசியில் ஹுனேரோதான் கேட்டாள். “கடுதாசி அவங்களுக்குத்தானே எழுதறோம்? அவங்ககிட்டயே கேட்டா என்ன?”

ஒரு பெண் இப்படிச் சொல்லும்வரை தமக்குத் தோன்றவில்லையே என்று கஹா கொஞ்சம் வெட்கப்பட்டார். பிறகு வேலையில் இறங்கினார். முதலில் அடியில் எழுதிய வரியை ஈரத்துணியால் ஒற்றி ஒற்றி எடுத்தார். துணியை ஒரு கிண்ணத்தில் பிழிந்தார். கரித்தண்ணீர் இரண்டு மிடறு இருந்தது. கிண்ணத்தை எடுத்துத் துயாவிடம் நீட்டினார்.

“என்ன இது?”

“அங்க அனுப்பறதுக்குன்னு எழுதின எழுத்தும்மா. தரையில கொட்டக்கூடாது, மிதிபடும். சொன்னவங்கதான் குடிக்கணும். அதுதான் வழக்கம்.”

துயா கிண்ணத்தை வாங்கினாள். உள்ளே பார்த்தாள். ஹுனேரோவைப் பார்த்தாள்.

“கொஞ்சம் பீர் ஊத்தட்டுமா?” என்றான் பாஷெத்.

“நீ சும்மா இரு” என்று ஒரே மூச்சில் குடித்து வைத்தாள். “புகை நாத்தம்” என்றாள். “பேரீச்சம்பழம் இருந்தா ஒண்ணு கொடு ஹுனேரோ.”

இந்த நாலு மாதத்தில் துயா அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டது இதுதான் முதல் தடவை. இரண்டு பழம் கொண்டுவந்து கொடுத்தாள்.

கஹா எழுதி முடித்து, வழக்கப்படி உரக்கப் படித்தார்:

“மேற்கில் இருக்கும் சாத்ரேயிடம் இபுயி சொல்வது. நீ நலமா? உனக்கு நல்ல துணி சுற்றினேன். அது உன் அக்காள் துயா நெய்தது. உனக்குப் பெட்டி எழுதினேன். உனக்குத் தண்ணீர் ஊற்றத் தவறவில்லை. உன் கல்லை மட்டும் முடிக்கவில்லை. அது என் குற்றம். இந்த வீட்டில் வேறு யாருடைய குற்றமும் அல்ல. உன் கல் இன்று முதல் சாமி மாடத்துக்குப் பக்கத்தில், கட்டு இல்லாமல், தெருவைப் பார்த்து நிற்கும். உன் கண்ணை எப்படி எழுதவேண்டும் என்று நீயே வந்து சொல். எங்களில் யார் நன்றாகத் தூங்குகிறார்களோ அவர்கள் கனவில் வா. எழுதுகிறவனுக்குக் கண் இல்லாவிட்டால் உனக்கும் கண் கிடைக்காது. ஆகவே என் கண்ணைத் திற; நான் உன் கண்ணைத் திறக்கிறேன்.”

“நியாயமாத்தான் இருக்கு” என்றாள் துயா, பாஷெத்தைக் காட்டி. “ஆனா இவர் கனவுல வரவேண்டாம்னு போடுங்க. இவருக்குக் காலையில ஒண்ணும் ஞாபகம் இருக்காது.”

“இன்னும் ஒரு வரிக்கு இடம் இருக்கு” என்றார் கஹா. “நீ ஏதாவது சொல்றியாம்மா?”

ஹுனேரோ யோசித்தாள். “உங்க அரைகல்லுலதான் மாவு அரைக்கிறேன்னு எழுதுங்க. அதை வச்ச இடத்தைவிட்டு நகத்தலைன்னு எழுதுங்க. பூனை நல்லா இருக்குன்னும் எழுதிடுங்க.”

கஹா எழுதினார். கழுதை வழக்கு நின்ற மூலைவரை வந்து வரி முடிந்தது. மை காய்ந்ததும் தாளை நீளவாக்கில் மடித்து, பிறகு குறுக்கே மடித்து, நூல் சுற்றி, முடிச்சின்மேல் களிமண் உருண்டையை வைத்தார். இபுயி விரலிலிருந்த மோதிரத்தைத் திருப்பி, தடவிப் பார்த்து, அதில் அழுத்தினான். கட்டுப்போட்ட கண்ணோடு அழுத்தியும் முத்திரை நேராக விழுந்திருந்தது.

மேலே கொண்டுபோக வேண்டியது கூடப்பிறந்தவள். எல்லோரும் துயாவைப் பார்த்தார்கள்.

“எனக்கு முழங்கால் வலி” என்றாள் துயா, காலையில் தெருவின் அந்தக் கோடியிலிருந்து விறுவிறுவென்று நடந்து வந்தவள். “வாத்து வேற காத்திட்டிருக்கும். ஹுனேரோ கொண்டு போகட்டும். இங்க பாரு, கடுதாசியை மொட்டைக்கல்லுக்கு அடியில வைக்காதே, காத்துல போயிடும். உள்ளே மாடக்குழியில வை. ரொட்டி மேல, கடுதாசி கீழே. அவ முதல்ல சாப்பிடுவா, அப்புறம்தான் படிப்பா.”

ஹுனேரோ ரொட்டியைத் துணியில் முடிந்தாள். பாஷெத் சாடியை அவனாகவே எடுத்து ஒரு சின்னக் குடுவையில் ஊற்றிக் கொடுத்தான். முன்கூடத்தைக் கடக்கும்போது, கஹாவும் இபுயியும் கல்லை மாடத்துக்குப் பக்கத்தில் நிமிர்த்திக்கொண்டிருந்தார்கள். இபுயி கையால் அளந்து, “இன்னும் கொஞ்சம் தெருப்பக்கம்” என்றான்.

வெளியே வெயில் சாய ஆரம்பித்திருந்தது. எதிர்வீட்டுக்காரி வாசலில் பருப்புப் புடைத்துக்கொண்டிருந்தாள். முறத்தை நிறுத்தாமலே கேட்டாள்.

“எங்கடி, கையில குடுவையோட?”

“மேல. சாத்ரே அக்காவுக்குக் கடுதாசி.”

“அட, நான் விசாரிச்சேன்னு ஒரு வார்த்தை போட்டிருக்கலாமே.”

“முத்திரை வச்சாச்சுக்கா. வாயால சொல்லிடறேன்” என்று சொல்லிவிட்டு, ஹுனேரோ கடிதத்தை மார்போடு அணைத்துக்கொண்டு மேட்டில் ஏறினாள்.